பீர்க்கங்காய்ப் பால்கறி

"கறி கசக்குது," என்றார் ஜெராட்.

கையில் அகப்பையோடு நின்ற டினோஷாவுக்கு முகமெல்லாம் வியர்த்துவிட்டது. கல்யாணமாகி இன்னும் புதுக்கருக்குக் கலையவில்லை. கணவன் சுஜீவனின் அக்கா றஜனி வீட்டுக்கு, பெரியகல்லாற்றுக்கு, இப்போதுதான் முதல்முறையாக விருந்துக்கு வந்திருந்தார்கள். வந்த இடத்தில் ஒரு கறியாவது தான் சமைக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தது அவள்தான். அதுவும் யாருக்கு? றஜனியின் கணவர் ஜெராட்டுக்கு. கல்யாணத்துக்கு நாள் குறிக்கும் முன்பே, சமைக்க அவர் வருவாரா என்று கேட்டுவிட்டுப் போக வருகிறவர்கள் அந்தப் பக்கத்தில் ஏராளம்.

செங்கலடியில் நடந்த அவளுடைய கல்யாணத்துக்கும் அவர்தான் சமைத்தார். முதல்நாள் மாலை, கொட்டகைக்குப் பின்னால் நின்று அவள் அதைப் பார்த்திருக்கிறாள். வரிசையாக எரியும் அடுப்புகளுக்கு நடுவே அவர் நிதானமாக நடந்தார். குழம்பின் நிறத்தைப் பார்த்தார். கொதிக்கும் சத்தத்தைக் குனிந்து கேட்டார். உப்பைக் கையால் அள்ளிப் போட்டார். ஒன்றையும் வாயில் வைத்துப் பார்க்கவில்லை. பக்கத்தில் நின்ற றஜனிதான் அடிக்கடி அகப்பையைத் தொட்டு நக்கிக்கொண்டும், அவரிடம் ஏதோ மெல்லச் சொல்லிக்கொண்டும் இருந்தாள். மறுநாள் பந்தியிலிருந்து எழுந்தவர்கள் எல்லாரும் அந்தச் சாப்பாட்டைப் பற்றியே பேசினார்கள். ருசி பாராமலே இப்படிச் சமைக்க முடியுமா என்று டினோஷா வியந்து போனாள்.

இன்றும் அவர் அவளை வியக்க வைத்தார். காலையில் பூசை முடிந்து வந்ததும், கறிக்குக் காய் பறிக்கலாம் என்று வாவிப் பக்கத்து வேலிக்குக் கூட்டிப்போனார். வேலியே தெரியாமல் பீர்க்கங்கொடி மூடிக் கிடந்தது. யாரும் நட்டதில்லையாம், குப்பையில் தானாக முளைத்ததாம். காயின் வரிகளை விரலால் வருடியபடி, இதில் எறிவதற்கு ஒன்றுமே இல்லை என்று சொன்னார். பிஞ்சு கறிக்கு, சீவின தோல் சம்பலுக்கு, இலைச்சாறு சிரங்குக்கு. முற்றிக் காய்ந்தால் உள்ளே வலைபோல ஒரு நார் இருக்கும். தான் சட்டி தேய்ப்பதும் அதால்தான், முதுகு தேய்ப்பதும் அதால்தான் என்றார்.

பூவைப் பற்றிச் சொல்லும்போது மட்டும் அவர் குரல் தணிந்தது.

"மற்றப் பூவெல்லாம் வாடுற நேரத்திலதான் தங்கச்சி இது விரியும். பொழுதுபடப் பாத்தா வேலி முழுக்க மஞ்சளா நிற்கும். இதுக்கு நேரம் ஆரு சொல்லிக் குடுத்த?"

அப்படிப்பட்ட மனிதருக்குத்தான் அவள் கறி வைத்தாள். றஜனி கிணற்றடியில் இறால் உரித்துக்கொண்டிருந்ததால் குசினியில் டினோஷா தனியாக நின்றாள். அவரைப் போலவே நிறத்தைப் பார்த்தாள், கொதியைக் கேட்டாள். ருசி பாராமலே தேங்காய்ப்பாலை விட்டு இறக்கினாள். றஜனி கைகழுவி வருவதற்குள் ஜெராட் பசியோடு வந்து உட்கார்ந்துவிட்டார். முதல் கவளத்திலேயே கசக்குது என்று சொன்னார்.

சுஜீவன் தொட்டுப் பார்த்து முகத்தைச் சுளித்தான். அரியும்போது ஒரு துண்டைக் கடித்துப் பார்த்திருக்கலாமே என்று மனைவியைத் தாழ்ந்த குரலில் கடிந்துகொண்டான்.

வாசலில் வந்து நின்ற றஜனி ஈரக்கையைத் துடைக்கவும் மறந்து கணவரையே பார்த்தாள்.

"இஞ்சேருங்க, என்ன சொன்ன நீங்க?"

"கசக்குது றஜனி." கோயிலுக்குள் பேசுவதுபோல மெதுவாகச் சொன்னார்.

றஜனி ஓடிவந்து அவர் பீங்கானிலிருந்து ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டாள். உடனே துப்பினாள். அப்படியே சீமெந்துத் தரையில் உட்கார்ந்து, முகத்தை மூடிக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழத் தொடங்கினாள்.

டினோஷா பயந்துபோனாள். ஒரு கறி கசந்ததற்கு யாராவது இப்படி அழுவார்களா? தன்னைப் பொறுத்துக்கொள்ளும்படி கெஞ்சினாள். வேறு கறி வைக்கிறேன் என்றாள். யாரும் அவளைக் கவனிக்கவில்லை.

ஜெராட் மற்றவர்களின் பீங்கான்களை ஒவ்வொன்றாகத் தள்ளிவைத்தார். கொடியில் பேய்ப்பீர்க்கு கலந்திருக்கிறது, சாப்பிட்டால் வயிற்றைப் புரட்டும், சட்டியோடு கொட்டிவிடுங்கள் என்றார். சொல்லிவிட்டு, தன் விரலில் ஒட்டியிருந்த கறியை நாக்கு நுனியில் வைத்துக் கண்ணை மூடினார். மூடிய கண்ணிலிருந்து நீர் வழிந்தது. அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

டினோஷாவும் அழத் தொடங்கியபோதுதான் றஜனி எழுந்து வந்து அவளை இறுகக் கட்டிக்கொண்டாள்.

"நீ ஏன் புள்ள அழுறாய்? ரெண்டு வருசத்துக்கு முந்தி ஒரு காய்ச்சல் வந்து இவர்ர நாக்குச் செத்துப் போச்சு. தெரிஞ்சா ஒருத்தரும் சமைக்கக் கூப்பிட மாட்டாங்க எண்டு தம்பிக்கும் சொல்லாம மறைச்சம். உன்ட கலியாணச் சாப்பாட்டையும் இவர் உப்பு, உறைப்பு ஒண்டும் தெரியாமத்தான் சமைச்ச."