அப்பா பேசினால் அசையும்

“பாருங்க அத்தை, மறுபடியும் ஒரு கோடு! நான் வாயைத் திறந்தா போதும், உள்ள குழந்தை குதிக்குது!”

மெஷினிலிருந்து வழிந்த காகிதத்தை வெற்றிக்கொடி மாதிரி தூக்கிக் காட்டினான் மாப்பிள்ளை. கட்டிலின் மறுபக்கம் நின்ற மாமியாருக்கு முகம் சுருங்கிப்போனது.

விஷயம் இதுதான். பிரசவ அறைக்குள் துணைக்கு ஒருவரைத்தான் விடுவார்கள். மூன்று பெற்றவள் என்ற உரிமையில் மாமியார் கிளம்பி நின்றாள். மாப்பிள்ளை ஒன்றும் பெற்றதில்லை என்றாலும், செல்போனில் பிரசவ வீடியோ ஒன்று விடாமல் பார்த்தவன். காலையில் லேசாக வலி கண்டதிலிருந்து இருவருக்கும் இதே இழுபறி. வலி கண்டவளை மட்டும் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அவள் பாத்ரூம் போயிருந்த நேரத்தில்தான் நர்ஸ் எல்லாவற்றையும் விளக்கினாள். “வயித்துல பட்டை கட்டுவோம். குழந்தையோட இதயத்துடிப்பு பேப்பர்ல ஓடும். குழந்தை அசையறது தெரிஞ்சா அவங்க இந்த பட்டனை அழுத்தணும், கீழே ஒரு கோடு விழும். அவங்க வந்ததும் சொல்லிடறேன்.”

“அதெல்லாம் அவகிட்ட நான் சொல்லிக்கறேன் சிஸ்டர்.”

அவள் வந்து படுத்தாள். நர்ஸ் பட்டையைக் கட்டி, “எதுவும் தொந்தரவுன்னா கூப்பிடுங்க, உடனே வந்துடறேன்” என்று சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்கு ஓடினாள். மாப்பிள்ளை பட்டனை மனைவி கையில் வைத்து விரல்களை மூடிவிட்டான். கையோடு மூச்சுப்பயிற்சி பற்றிப் பேச ஆரம்பித்தவன்தான், இன்னும் நிறுத்தவில்லை.

“தள்ளுங்க மாப்பிள்ளே, நானும் பேசிப் பார்க்கறேன்.” மாமியார் மகளின் வயிற்றருகே குனிந்தாள். “என் தங்கமே, பாட்டி வந்திருக்கேன்டா. ஒரே ஒரு உதை விடு பார்ப்போம்.”

கோடு விழவில்லை. தாலாட்டு ஒன்றை எடுத்துவிட்டாள். மகள் சுகமாகக் கண்ணை மூடிக்கொண்டாள். காகிதமோ வெறுமனே ஓடியது.

“உங்க பாட்டைக் கேட்டுத் தூங்கிடுச்சு போல அத்தை.” மாப்பிள்ளை பழையபடி இடத்தைப் பிடித்தான். “இங்க பாரும்மா, வலிங்கறதே மனசுலதான் இருக்கு.”

கோடு விழுந்தது.

“போன வருஷம் எனக்குப் பல்லு பிடுங்கினாங்களே, நான் கத்தினேனா?”

இரண்டு கோடு.

“எங்கம்மா என்னைப் பெத்துட்டு அன்னிக்குச் சாயங்காலமே எந்திரிச்சு சமையல் பண்ணாங்களாம்!”

கோடுகள் சரசரவென்று விழுந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன. மாப்பிள்ளைக்குக் கண் கலங்கிவிட்டது. பிறக்கும் முன்பே தன்னை அடையாளம் கண்டுகொண்ட பிள்ளை! உலகத்தில் எந்த அப்பனுக்குக் கிடைக்கும் இந்தப் பாக்கியம்?

மாமியாருக்கும் கண் கலங்கியது, அது வேறு காரணத்தால். இந்த ஒரு நாளுக்காக எத்தனை மாதமாகக் காத்திருந்தாள்! இருந்தாலும் நியாயமான மனுஷி. “நீங்களே உள்ள போங்க மாப்பிள்ளே. குழந்தையே சொல்லிடுச்சு, நான் யாரு நடுவுல?”

நர்ஸ் திரும்பி வந்து காகிதத்தைப் பார்த்தாள். அவள் புருவம் நெற்றிக்கு மேலே ஏறியது. “துடிப்பு ரொம்ப நல்லா இருக்கு, கவலையே இல்ல. ஆனா இவ்வளவு அசையற குழந்தையை நான் பார்த்ததே இல்லையே!”

“எல்லாம் அப்பா குரல், சிஸ்டர்,” என்றான் மாப்பிள்ளை அடக்கமாக. “அதான் உள்ள நானே வரேன்னு முடிவாயிடுச்சு. அங்கேயும் நிறுத்தாம பேசிக்கிட்டே இருப்பேன்.”

நர்ஸ் பச்சை அங்கியையும் தொப்பியையும் அவனிடம் கொடுத்தாள். அவன் திரைக்குப் பின்னால் போய் அங்கியை மாட்டிக்கொண்டு, முதுகுப்பக்க முடிச்சு எட்டாமல் முனகிக்கொண்டிருந்தான்.

கட்டிலில் இருந்தவள் மெல்லத் தலையைத் தூக்கினாள். திரையை ஒரு தரம் பார்த்துக்கொண்டாள். நர்ஸின் கையைப் பிடித்து இழுத்து, பட்டனை அவள் மூக்குக்கு நேரே நீட்டி, காதோடு கேட்டாள்:

“அப்போலேருந்து பெல் அடிச்சிக்கிட்டே இருக்கேனே சிஸ்டர், இவரை எப்பதான் வெளியே கூட்டிட்டுப் போவீங்க?”