வாயில் வந்தபடி

மீன் கம்பெனி இயந்திரத்தில் இரண்டு விரல்களைப் பறிகொடுத்த ஜெசிந்தா விசாரணை அறையில் நின்றாள். பேசுவதை எழுதும் திரையில் அவள் வாக்குமூலம், “மிசினு எங் கைய இளுத்துட்டு” என்று ஓடியது. அதிகாரி வாய்விட்டுச் சிரித்தார்.

மேலாளர், “அவதாஞ் சார் பாக்கல” என்றார். திரையில், “அவர் கவனிக்கவில்லை” என்று வந்தது.

“அவரு பேச்சயும் வாயில வந்தபடியே எளுதச் சொல்லுங்க சார்!” என்றாள் ஜெசிந்தா.

“மேனேஜர் பேச்ச அதுவே திருத்திரும்மா. தொழிலாளிக்கு அந்த வசதி கெடையாது” என்றார் அதிகாரி.

ஆத்திரத்தில் அவள் அதிகாரியின் திரைப்பேனாவைப் பிடுங்கி, இடக்கையால், “இயந்திரம் பழுதென்று முன்பே சொன்னேன்” என்று திரையிலேயே எழுதினாள்.

எழுதியதற்குப் பக்கத்தில் ‘ஜெசிந்தா, தொழிலாளி’ என்று மின்னியது. எழுத்துகள் கலைந்து, “மிசினு பளுதுன்னு அப்பமே சொன்னேன்” என்று மாறி நின்றன.

அதன் கீழே அதிகாரி, ‘சாட்சியம் தெளிவில்லை’ என்று முத்திரை குத்தினார்.