முகம் காட்டாத படம்

ஸப்னாவின் முதல் குறும்படத்தில் ஐந்து பெண்கள், தங்களிடம் எது அழகில்லை என்று சொல்கிறார்கள். முகம் தெரியக் கூடாதென்பது அவர்களுடைய நிபந்தனை. அதனால் தன் கறுப்பு அபாயாவையே எல்லோருக்கும் மாற்றி மாற்றிக் கொடுத்து, தன் அறையிலேயே ஒரு கதிரையில் இருத்தி முதுகுப்புறமாக எடுத்தாள். முகம் அதில் தெரியாமலிருக்க அலுமாரிக் கண்ணாடியைச் சாரன் துணியால் மூடினாள். அது இன்னும் அப்படியே தொங்குகிறது.

"என்ட மூக்கு சப்ப," என்றாள் ஒருத்தி. "நான் கறுப்பு," என்றாள் இன்னொருத்தி.

மறுநாள் ஒலுவில் பல்கலைக்கழகக் கெம்பஸில் திரையிட வேண்டும். அதே அறையில் இருந்து கடைசியாக ஒருமுறை ஓட்டிப் பார்த்தாள். ஐந்தாவது பெண்ணோடு படம் முடியவில்லை. அதே கதிரையில், அதே அபாயாவில் ஆறாவதாக ஒருத்தி இருந்தாள்.

"எனக்கிட்ட ஒரு குறையும் இல்ல."

ஸப்னா அந்தத் துண்டை வெட்டினாள். திரும்ப ஓட்டினால் திரும்பவும் இருந்தாள்.

குசினியில் சமைத்துக்கொண்டிருந்த உம்மா கேட்டார். "நீயும் நடிச்சிருக்கியா மகள்? இது உன்ட குரல்தானே?"

ஸப்னா கமராவுக்குப் பின்னால்தான் நின்றாள். அப்படியொரு வார்த்தையை அவள் ஒருநாளும் சொன்னதில்லை.

திரையில் அந்தப் பெண் எழுந்து, கண்ணாடியை மூடியிருந்த சாரனைப் பிடித்து இழுத்தாள்.

ஸப்னாவின் முதுகுக்குப் பின்னால் துணி விழும் சத்தம் கேட்டது.