நெஷாத்தின் அக்கா மகள்

கதவு படபடவென்று இடிபட்டது. நெஷாத் சட்டென்று எஸ்தரை அலமாரிக்குப் பின்னால் தள்ளினான். ஜெர்மன் சிப்பாய்களோ?

எஸ்தர் பெல்கிரேடிலிருந்து தப்பி வந்த யூதச் சிறுமி. பெராத் ஊருக்கோ அவள் ஃபத்மே, நெஷாத்தின் அக்கா மகள். அவன் கட்டிவிட்ட அந்தக் கதையை ஊரே நம்பிவிட்டது. இவ்வளவு திறமையை வைத்துக்கொண்டு ரொட்டி சுட்டே வீணாகிவிட்டோமே என்று அவனுக்கு வருத்தம்கூட உண்டு. பயமெல்லாம் எதிர்வீட்டு ஹுஸ்னியிடம்தான். அவன் காதில் விழுந்தது அடுத்த நிமிஷம் சந்தைக்குப் போய்விடும்.

கதவைத் திறந்தால் அதே ஹுஸ்னி! கையைப் பிடித்தபடி ஒரு சிறுமி.

“எவனோ போட்டுக் கொடுத்துட்டான்டா. ஜெர்மன்காரன் என் வீட்டுக்குத்தான் வரான். இவளை உள்ள வச்சுக்க. என் பொண்டாட்டியோட தங்கச்சி பொண்ணு.”

சிறுமியை உள்ளே இழுத்துக்கொண்ட நெஷாத்துக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

“உன் பொண்டாட்டிக்குத் தங்கச்சியா? கூடப் பொறந்தது நாலும் தடிப்பசங்களாச்சே! பொய்யைக் கொஞ்சம் பொருந்தச் சொல்லக் கூடாதா? என்கிட்ட வந்து கத்துக்கடா!”

ஹுஸ்னி அவனை ஏற இறங்கப் பார்த்தான்.

“உனக்குத் திடீர்னு ஒரு அக்கா முளைச்சப்போ, இந்தத் தெருவுல ஒருத்தராவது வாயைத் திறந்தோமாடா?”