மூணாவது பலாப்பழம்

"சோபியா, அந்தப் பலாப்பழத்துல கைய வைக்காதே!"

கத்திக்கு எண்ணெய் தடவிக்கொண்டிருந்த சோபியா நிமிர்ந்தாள். அலெக்சாண்டர் அப்போதுதான் டிவியில் மோசடிக் கும்பல் பற்றிய க்ரைம் படம் ஒன்றைப் பார்த்து முடித்திருந்தார். இரண்டரை மணி நேரத்தில் மனித மனசையே கரைத்துக் குடித்துவிட்ட தெளிவு முகத்தில்.

"படத்துல அந்த எத்தன் என்ன பண்றான் தெரியுமா? மொதல்ல ஒரு பரிசு குடுக்கிறான். அப்புறம் இன்னொண்ணு. வாயைத் திறந்து எதுவும் கேக்க மாட்டான். மூணாவது பரிசோடதான் கேப்பான். அதுக்குள்ள நம்ம மனசு அவன் பாக்கெட்டுல!"

"அதுக்கும் பழத்துக்கும் என்னங்க?"

"கீழ்வீட்டு நல்லசாமி குடுத்தது இது எத்தனையாவது பழம்?"

"மூணாவது."

"ஆங்!"

முதல் இரண்டு பழத்தில் முக்கால்வாசி அவர் வயிற்றுக்குள்தான் போனது. அதை யார் சொல்வது?

"அவருக்குப் பண்ருட்டியில தோப்பு இருக்கு, குடுக்கிறாரு. உலகத்துல நல்ல மனுஷனே இருக்கக் கூடாதா?"

"படத்துல அந்தப் பொண்ணும் இதையேதான் சொன்னா. இடைவேளைக்கப்புறம் நடுத்தெருவுல நின்னா."

அந்த நேரம் பார்த்து நல்லசாமியே படியேறி வந்தார்.

"சார், ஒரு விஷயம் கேக்கலாம்னு..." என்று தலையைச் சொறிந்தார்.

அலெக்சாண்டருக்கு வந்ததே பெருமை! "பாத்தியா?" என்று மனைவியிடம் கண்ணாலேயே கேட்டார்.

"நல்லசாமி, சும்மா ஒருத்தன் பழத்தைத் தூக்கிக்கிட்டு வருவானா? இந்த வேலையெல்லாம் என்கிட்ட வேணாம்!"

நல்லசாமியின் முகம் செத்துப்போனது. "ஒண்ணுமில்லைங்க" என்று இறங்கிப் போய்விட்டார்.

சோபியாவுக்கு அழுகையே வந்துவிட்டது. அலெக்சாண்டரோ சட்டையை மாட்டிக்கொண்டு, பழத்தைத் தூக்கித் தோளில் வைத்தார்.

"திருப்பிக் குடுக்கவா போறீங்க?"

"பழம் என்ன பாவம் பண்ணுச்சு? குவார்ட்டர்ஸ் ஒதுக்குற சிவப்பிரகாசம் சார் வீட்டுக்குப் போறேன்."

மூட்டுவலியில் சோபியாவால் மாடிப்படி ஏற முடியவில்லை. தரைத்தள வீடு கேட்டுக் கொடுத்த மனு எட்டு மாதமாகத் தூங்குகிறது. அதை எழுப்ப அலெக்சாண்டர் கிறிஸ்துமஸுக்குக் கேக் கொண்டுபோனார். பொங்கலுக்கு முந்திரி. இரண்டையும் சிவப்பிரகாசம் வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டார். இன்றைக்குப் பலாப்பழம். இதெல்லாம் மரியாதை. மோசடி இல்லை, பாருங்கள்!

சிவப்பிரகாசம் இந்தத் தடவையும் பழத்தை உள்ளே விடவில்லை.

"எடுத்துட்டுப் போங்க சார். உங்க கீழ்வீட்டு நல்லசாமி சொல்லலையா? உங்க வீட்டம்மா படியேறுறதைப் பாக்க முடியலையாம். 'நான் மாடிக்குப் போறேன், அவங்க கீழ வரட்டும்'னு வீட்டை மாத்திக்க எழுதிக் குடுத்துட்டாரு. உங்களைக் கேட்டு, கையெழுத்து வாங்கிட்டு வரேன்னாரே?"

அலெக்சாண்டருக்கு வெட்கத்தில் காது சுட்டது. வந்த வழியே திரும்பினார்.

கீழ்வீட்டுக் கதவைத் தட்டியபோதும் பழம் தோளில்தான் இருந்தது.

கதவைத் திறந்த நல்லசாமி பழத்தைப் பார்த்தார். அப்புறம் அவரைப் பார்த்தார்.

"சும்மா ஒருத்தரு பழத்தைத் தூக்கிக்கினு வர மாட்டாருங்களே... சொல்லுங்க சார், என்னா வேணும்?"