எதிர்க்கடைப் பெண்ணுக்கு ஒரு கை

உத்திரமேரூர் ஜவுளிக்கடை வாசலில் குழந்தைகளைக் கவர, முகமூடி போட்டு மின்னல் மல்லன் என்ற கார்ட்டூன் வீரன் வேஷத்தில் நிற்பவன் முன்னால் போய் நின்றாள், எதிர் ஜெராக்ஸ் கடை ஜெனிஃபர்.

“ரெண்டு வருசமா தெனம் எனக்குக் கை காட்டிக்கினு கீற. எங்க நைனாவும் சம்மதிச்சிட்டாரு. மூஞ்சியக் காட்டு, கல்யாணம் பேசணும்.”

முகமூடிக்குள்ளிருந்து குரல் வந்தது. “நான் திங்கக்கெழமதாங்க வேலைக்குச் சேந்தேன்.”

“அப்ப கை காட்டுனது?”

“முன்ன வேதகிரி, அப்புறம் வசந்த்குமாரு. அவரு எங்கிட்ட உடுப்பக் குடுக்கறப்பவே சொல்லிட்டாரு, ‘கொழந்தைங்களுக்கு மிட்டாய், எதிர்க்கட பொண்ணுக்குக் கை’ன்னு.”

ஜெனிஃபருக்கு அழுகை முட்டியது. நைனாவிடம் என்ன சொல்வது?

“உனக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?”

“இல்லீங்க.”

“அப்ப அவுங்க வுட்டுட்டுப் போன வேலய நீதான் முடிக்கணும். ஞாயித்துக்கெழம வூட்டுக்கு வா.”

விறுவிறுவென்று நடந்தவள் பாதி ரோட்டில் திரும்பினாள்.

“ஆமா, உன் பேரு இன்னா?”