பாப்பா திறக்கவில்லை

"நான் கதவைத் திறக்கவே இல்ல மாமா. கடைசி வரைக்கும்."

தையல்கார அம்மாள் வீட்டு நாற்காலியில், கால் தரைக்கு எட்டாமல் உட்கார்ந்திருந்தாள் பாப்பா. முகத்தில் பயம் ஒன்றும் இல்லை. பரீட்சையில் முதலாவதாக வந்த பிள்ளை மாதிரி நிமிர்ந்து இருந்தாள்.

மாமா அவள் எதிரே குந்தினார். பஸ் ஓட்டுகிறவர், உடம்பில் இன்னும் காக்கிச் சட்டை. ஆஸ்பத்திரியிலிருந்து நேராக வருகிறார். பாப்பாவின் அப்பாவை அங்கே கொண்டு சேர்த்தபோதே உயிர் இல்லை. பாப்பாவின் அம்மா, மாமாவின் தங்கை, அங்கேயே சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். பிள்ளையிடம் நீயே போய்ச் சொல்லண்ணா, என்னால் ஆகாது என்று அவரை அனுப்பிவிட்டாள். கிளம்பும்போது இன்ஸ்பெக்டர் வேறு ஓரமாகக் கூட்டிப்போய், நடந்ததையெல்லாம் மெதுவாகச் சொன்னார். அத்தனையையும் நெஞ்சில் போட்டுக்கொண்டுதான் வந்திருக்கிறார்.

"அப்பாவுக்குத் தையல் போட்டாச்சா மாமா?"

"பாத்துக்கிட்டிருக்காங்க கண்ணு."

இதைச் சொல்லவா வந்தோம் என்று தன்மேலேயே அவருக்கு வெறுப்பு வந்தது.

பாப்பாவின் அப்பா ஜன்னல் கிரில் செய்கிறவர். அந்தத் தெருவில் எந்த வீட்டைப் பார்த்தாலும் அவர் பற்றவைத்த கம்பிதான். ஊரார் பயத்தில் பிழைக்கிறவனுக்கு அந்தப் பயம் ஒட்டாமல் போகுமா? எங்கோ ஒரு வீட்டில் திருடன் புகுந்தான் என்று காதில் விழுந்தால் இவருக்குச் சாப்பாடு இறங்காது. அலையாய் அலைந்து ஒரு துப்பாக்கி வாங்கினார். லைசென்ஸ் கொடுத்தவன் முத்திரை சரியாக விழுந்ததா என்று பார்த்தான், ஆளைப் பார்க்கவில்லை. அவர்கள் என்றைக்கு ஆளைப் பார்த்தார்கள்?

மாமாவுக்கும் அவருக்கும் இதனால் முட்டிக்கொண்டது. பிள்ளை இருக்கிற வீட்டில் இது எதற்கு மாப்பிள்ளை என்று மாமா கேட்க, பிள்ளை இருப்பதால்தான் என்று அவர் சொல்ல, பேச்சு தடித்துப்போனது.

"போலீஸ் வர்றதுக்குள்ள பொணம் ஆறிடும் மச்சான். என் வீட்டுக்கு நான்தான் போலீஸ்" என்றார் அவர் அன்றைக்கு.

இப்போது வாசலில் தெருவே கூடியிருந்தது. மளிகைக்கடைக்காரர் குரல்தான் ஓங்கிக் கேட்டது. பட்டப்பகலில் வீடு புகுந்து சுடுகிறான் என்றால் தெருவுக்கு ஒரு துப்பாக்கி எந்த மூலைக்குக் காணும், வீட்டுக்கு ஒன்று வேண்டும், நாளைக்கே எல்லாரும் மனு போடுவோம் என்றார். இதுவரை துப்பாக்கியே கூடாது என்று பேசிக்கொண்டிருந்த வாத்தியாரும் தலையாட்டினார்.

"எனக்கு ஊசியில நூல் கோக்கவே கண்ணாடி வேணும். நான் யாரைப் போய்க் குறி பாக்கிறது?" என்றாள் தையல்கார அம்மாள். யாரும் சிரிக்கவில்லை.

மாமா கேட்காமலே பாப்பா சொல்லிக்கொண்டு போனாள். மத்தியானம் வீட்டில் அவளும் அப்பாவும்தான். அவள் கூடத்தில் படம் வரைந்துகொண்டிருந்தாள். பின்பக்கம் டமார் என்று சத்தம். அடுத்த நொடியே உள்ளறைக்கு ஓடி, இரும்புக் கதவைச் சாத்தித் தாழ் போட்டுவிட்டாள். அந்தக் கதவு அப்பா செய்தது. லீவு நாளில் அவளை ஓடவிட்டு ஓடவிட்டுப் பழக்கியதும் அவர்தான். வீட்டுப் போன் அந்த அறையில்தான் இருக்கவேண்டும் என்பதும் அவர் ஏற்பாடு. துப்பாக்கியோடு திருடன் வந்துவிட்டான் என்று போலீசுக்குக் கிசுகிசுவென்று சொன்னாளாம். அழவே இல்லையாம்.

போலீஸ் உடனே வந்தது. திருடன் கையில் துப்பாக்கி என்றால் சும்மா நுழைந்துவிடுவார்களா? வீட்டைச் சுற்றி நின்றுகொண்டு, சரணடையச் சொல்லி மைக்கில் கத்திவிட்டு, வெகுநேரம் காத்திருந்துதான் உள்ளே நுழைந்தார்கள்.

"அப்பா வந்து கதவைத் தட்டினாரு மாமா. குரல் கீழேருந்து வந்துச்சு. பாப்பா, திறம்மான்னாரு. நான் மூச்சுகூட விடல. நானே கூப்பிட்டாலும் திறக்காதே, திருடன் என் கழுத்தைப் பிடிச்சுக் கூப்பிட வெப்பான்னு சொல்லியிருக்காருல்ல?"

"ம்."

"ரொம்ப நேரம் கூப்பிட்டாரு. தண்ணி கேட்டாரு. அப்புறம் கூப்பிடல."

மாமா அவள் கையைப் பிடித்துக்கொண்டார். விரலெல்லாம் கலர் பென்சில் கறை.

"நான் செஞ்சது சரிதானே? அப்பா வந்ததும் நீங்கதான் அவர்கிட்ட சொல்லணும்."

சொல்லிவிடலாம் என்றுதான் வாயெடுத்தார். அந்த முகத்தைப் பார்த்தார். விழுங்கிவிட்டார்.

"சரிதான் கண்ணு. இதைவிடச் சரியா யாரும் செஞ்சிருக்க முடியாது."

"பிள்ளைய வளத்தா இப்படி வளக்கணும்" என்றார் வாசலிலிருந்து மளிகைக்கடைக்காரர்.

பாப்பாவுக்குப் பெருமை தாங்கவில்லை. மாமாவின் காதருகே குனிந்தாள்.

"அந்தத் திருடன் பெரிய கெட்டிக்காரன் மாமா. 'இங்க யாருமே வரல பாப்பா, துப்பாக்கியத் துடைக்கும்போது கை தவறி வெடிச்சிருச்சு, ரத்தம் நிக்கல, ஆம்புலன்சைக் கூப்பிடும்மா'ன்னு அப்பாவையே அழுது சொல்ல வெச்சான். நான் ஏமாறலையே."

ஆஸ்பத்திரி வாசலில் இன்ஸ்பெக்டர் அவரிடம் சொன்னதும் இதேதான்.